ஈர சிமென்ட்டில் இரண்டு தடம்

அத்தியாயம் பதினொன்று

தாங்கள் வாங்குவதாக இருந்த வீட்டை வேறொருவர் டேப் பிடித்து அளந்துகொண்டிருப்பதைப் பார்த்துவிட்டு வந்த நாளிலிருந்து, டிரைவிங் டீச்சரின் வலது கால் அவள் பேச்சைக் கேட்பதில்லை. சாப்பிட உட்கார்ந்தாலும் சரி, துணி மடிக்க உட்கார்ந்தாலும் சரி, அது பாட்டுக்கு இல்லாத பிரேக்கை மிதித்துக்கொண்டிருக்கிறது. கார் ஓட்டக் கற்றுக்கொள்கிறவர்களுக்குப் பக்கத்து சீட்டில் உட்கார்ந்து, இரண்டாவது பிரேக்கின் மேல் காலை வைத்தே பிழைப்பு நடத்துகிறவள் அவள். ஆபத்து வந்தால் முதலில் காலுக்குத்தான் தெரியும்.

இடையில் ஒரு வாரம் விட்டுப்போனவர்களுக்கும், வேறெதற்கோ பக்கத்தைப் புரட்டி இங்கே வந்து நின்றவர்களுக்கும் சுருக்கமாகச் சொல்லிவிடுவோம். டீச்சருக்கு ஒரு கணவர், ஒரு மகள், மூன்றாம் மாடியில் ஒரு வாடகை வீடு. லிப்ட் கிடையாது. மகளுக்குப் பிறந்ததிலிருந்தே கால்கள் ஒத்துழைப்பதில்லை, சக்கர நாற்காலிதான். வாய்க்கு மட்டும் எந்தக் குறையும் இல்லாததால் வீட்டில் அவளுக்கு ஹாரன் என்று பெயர்.

கணவர் கண்ணாடிக் கடை வைத்திருக்கிறார். கண் பரிசோதித்து, லென்ஸ் பொருத்தி, பிரேம் சரிசெய்து தருவார். போன மாதம் வாங்கிய பிரேம் பிடிக்கவில்லை என்று யாராவது வந்தால் "பரவாயில்லைங்க, மாத்தித் தர்றேன்" என்பார். மேலே உட்கார்ந்து உடைத்துவிட்டேன் என்று வந்தாலும் அதே பரவாயில்லைதான். நாளடைவில் தெருவே அவரைப் பரவாயில்லை சார் என்று கூப்பிட ஆரம்பித்தது. அதற்கும் அவர் பரவாயில்லை என்றுதான் சொன்னார்.

இந்தக் குடும்பம் ஆசைப்பட்டது தரைத்தளத்தில் ஒரு சின்ன வீட்டுக்கு. இரண்டு அறை, அகலமான குளியலறைக் கதவு, அவ்வளவுதான். வீட்டுக்காரரும் அவர் மனைவியும் சேர்ந்து உடைமையாளர்கள். இருவரும் அக்ரிமென்ட்டில் கையெழுத்துப் போட்டார்கள், முன்பணம் வாங்கிக்கொண்டார்கள், பதிவுக்கு நாளும் குறித்தார்கள். அந்த நாள் வருவதற்குள் வீட்டுக்காரரின் மனைவி ஆஸ்பத்திரியில் சேர்ந்துவிட்டார். அவர் கையெழுத்து இல்லாமல் பதிவு இல்லை. நாள் தள்ளிப்போயிற்று.

அந்த அம்மாள் நல்லபடியாக வீடு திரும்பியும் ஆயிற்று. புது நாளைத்தான் காணோம். வீட்டுக்காரர் போனை எடுப்பதை நிறுத்தினார். அப்புறம்தான் அந்த டேப்.

இனி இன்றைய காலை.

ஹாரனைக் கீழே இறக்குவதற்கு இரண்டு நடை. முதல் நடையில் அப்பா அவளை முதுகில் உப்புமூட்டை தூக்குவார். பின்னால் அம்மா பள்ளிப் பையோடு வருவாள். இரண்டாவது நடை நாற்காலிக்கு. வளர்கிற பெண், பூஞ்சையான அப்பா. இரண்டாம் மாடித் திருப்பத்தில் அவர் வழக்கம்போல் கைப்பிடியைப் பிடித்துக்கொண்டு நின்றார். மூச்சு வாங்கியது.

"அப்பா, வண்டி சூடாயிடுச்சா?" என்றாள் ஹாரன்.

"ரேடியேட்டர்ல தண்ணி இல்லம்மா. ஒரு நிமிஷம்."

டீச்சர் சிரிக்கவில்லை. அவர் இடுப்பில் கை வைத்து நிற்கும் கோணத்தைப் பார்த்தாள். இந்த முதுகு இன்னும் எத்தனை நாளைக்குத் தாங்கும் என்ற கேள்வியை அவள் தினமும் இதே திருப்பத்தில் கேட்டுக்கொள்கிறாள். பதில் அந்தத் தரைத்தள வீட்டில்தான் இருக்கிறது. அதுவும் கைநழுவிக்கொண்டிருக்கிறது.

காரில் மகளை உட்காரவைத்து பெல்ட் போட்டதும் அவர் நாற்காலியை எடுக்க மறுபடி மேலே போனார். டீச்சர் ஸ்டியரிங்குக்குப் பின்னால் ஏறினாள்.

"இன்னைக்கு எங்க போறீங்க ரெண்டு பேரும்? கடையும் லீவு, கிளாஸும் லீவு."

"வக்கீலைப் பார்க்க."

"வீட்டுக்காகவா?"

"ம்."

ஹாரன் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டாள். எதற்கும் உடனே பதில் வைத்திருக்கும் பெண் சும்மா இருக்கிறாள் என்றால் ஏதோ இருக்கிறது. டீச்சர் கண்ணாடியைச் சரிசெய்கிற சாக்கில் அவள் முகத்தைப் பார்த்தாள்.

"எதுக்கும்மா போறீங்க? அப்பாவுக்குத்தான் அந்த வீடு வேணாமே."

"யாரு சொன்னா?"

"அவரேதான். அந்த ஆன்ட்டி ஆஸ்பத்திரியில இருந்தப்போ வீட்டுக்கார அங்கிள் போன் பண்ணினார். நான் கடையில அப்பா பக்கத்துலதான் இருந்தேன். எங்களுக்கு அவசரமே இல்லைங்க, வீடு கிடைக்கலைன்னாலும் பரவாயில்லைன்னார்."

டீச்சரின் கால் பிரேக்கை மிதித்தது. நிற்கிற கார் மேலும் நிற்க முயன்றது.

"அது ஒரு பேச்சுக்குச் சொல்லியிருப்பார்டி."

"வீடு கிடைக்கலைன்னாலும் பரவாயில்லைன்னா, நான் மூணாவது மாடியிலயே இருந்தாலும் பரவாயில்லைன்னுதானே அர்த்தம்? எனக்குக் கோபமெல்லாம் இல்ல. தெரிஞ்சுக்கலாமேன்னு கேட்டேன்."

டீச்சர் பின்னால் திரும்புவதற்குள் டிக்கி திறந்து மூடும் சத்தம் கேட்டது. அவர் வியர்வையைத் துடைத்துக்கொண்டு பின் சீட்டில் ஏறி, "போலாமா?" என்றார், ஒன்றும் தெரியாத பச்சைப்பிள்ளை மாதிரி. வழிநெடுக அவள் வாயைத் திறக்கவில்லை. திறந்தால் பள்ளிக்கூட வாசலிலேயே சண்டை வந்துவிடும், அதை மகள் வேறு பார்க்க வேண்டும்.

* * *

வக்கீலம்மாவின் ஆபீஸ் ஒரு டயர் கடைக்கு மேலே இருந்தது. ரப்பர் வாடை படியேறி வந்து பைல்களோடு உட்கார்ந்திருந்தது. வக்கீலம்மா ஒரு காலத்தில் டீச்சரிடம் கார் கற்றவர். இன்றுவரை ரிவர்ஸ் வரவில்லை. அதனால் எந்த வழக்குக்குப் போனாலும் நேராக உள்ளே விட்டு நேராக வெளியே வரக்கூடிய இடமாகப் பார்த்துத்தான் நிறுத்துவார்.

"வாங்க டீச்சர். சார், உட்காருங்க. அந்த நாற்காலிக்குக் கால் ஆடும், பார்த்து."

"பரவாயில்லைங்க," என்று அதிலேயே உட்கார்ந்தார் அவர்.

வக்கீலம்மாவுக்குக் கேட்கும்போது பென்சில் சீவுகிற பழக்கம். அக்ரிமென்ட்டை ஒரு முறை படித்துவிட்டு, ஒரு பென்சிலை எடுத்துச் சீவ ஆரம்பித்தார்.

"பேசினபடி விக்காமப் போனா உங்களுக்கு ரெண்டு வழி. குடுத்த முன்பணம், அதுக்கு மேல நஷ்ட ஈடு, ரெண்டையும் கேட்டு வாங்கிட்டு வேற வீடு பார்க்கிறது ஒண்ணு. பேசினபடி எங்களுக்கே எழுதிக்குடுன்னு கோர்ட்டுக்குப் போறது இன்னொண்ணு. எது வேணும்?"

"வீடுதான் வேணும். பணத்தை முதுகுல தூக்கிட்டு மாடி ஏறவா?" என்றாள் டீச்சர்.

"சரி. அப்போ ரெண்டாவது வழி. அதுக்கு ஒரு கண்டிஷன் இருக்கு. கையெழுத்துப் போட்ட நாள்லேர்ந்து இன்னைய வரைக்கும் நாங்க வாங்கத் தயாரா இருந்தோம், மனசாரவும் இருந்தோம்னு நீங்கதான் காட்டணும். பேங்க் கடன் பாஸாகி இருக்கு, அது நல்லது. காசு தயார். மனசு?"

"மனசுக்கு என்ன?"

"நடுவுல யாராவது, எப்பவாவது, வாய் வார்த்தையாக்கூட, வேணாம்னு சொல்லியிருக்கீங்களா?"

டீச்சர் கணவரைப் பார்த்தாள். தெரிந்ததைச் சொல்லிவிட அவளுக்கு ஒரு நிமிஷம் ஆகாது. ஆனால் அவர் வாயால் வரட்டும் என்று காத்திருந்தாள். கீழே டயர் கடையில் யாரோ வீல் ஸ்பேனரைக் கீழே போட்டார்கள். அவர் கண்ணாடியைக் கழற்றினார், மாட்டினார், மறுபடி கழற்றினார்.

"ஒரு தடவை சொல்லிட்டேங்க," என்றார் கடைசியில்.

"என்ன சொன்னீங்க? வார்த்தை மாறாம சொல்லுங்க."

"அவங்க வீட்டம்மாவுக்கு அன்னைக்கு ரொம்ப முடியலை. டாக்டரே கையை விரிச்சுட்டாராம். வீட்டுக்காரர் போன்ல அழுதுட்டார். அழுதுகிட்டே, உங்களுக்குக் குடுத்த வாக்கு வேற இருக்கேன்னு எங்க வீட்டு விஷயத்தைப் பேசறார். எனக்கு வெக்கமாப் போச்சு. எங்களுக்கு அவசரமே இல்லைங்க, கிடைக்கலைன்னாலும் பரவாயில்லை, நீங்க அவங்களைப் பாருங்கன்னு சொன்னேன்."

வக்கீலம்மா பென்சிலைச் சீவிக்கொண்டே இருந்தார். பாதிப் பென்சில் குப்பையாகிவிட்டது.

"மனுஷனாத்தான் பேசியிருக்கீங்க சார். ஆனா எதிர்த்தரப்பு வக்கீல் அதைக் கோர்ட்டுல வாசிக்கும்போது வேற மாதிரி இருக்கும். பேச்சு அவர் போன்ல பதிவாகியிருக்கலாம். தெரியாது. இருக்குன்னு வச்சுக்கிட்டே யோசிப்போம்."

"இதை ஏங்க என்கிட்ட சொல்லலை?" என்றாள் டீச்சர்.

"சொன்னா நீ வருத்தப்படுவேன்னு."

"இப்போ சந்தோஷமா இருக்கேனா?"

அவர் தலையைக் குனிந்துகொண்டார். அவளுக்குக் கோபம் இருந்தது, நிறையவே இருந்தது. ஆனால் அழுகிற ஒரு ஆளிடம் எப்ப ரிஜிஸ்டர் பண்ணலாம் என்று கேட்கிற மனுஷனாக அவர் இருந்திருந்தால், அவரை அவளுக்குப் பிடித்திருக்காது என்பதும் தெரிந்தது. அது தெரிந்ததால் கோபம் இன்னும் கூடியது.

வக்கீலம்மா அடுத்த பென்சிலை எடுத்தார். "அந்தப் போனுக்கு அப்புறம், வீடு எங்களுக்கு வேணும்னு காட்டுற மாதிரி ஏதாவது நடந்துச்சா? யோசிச்சுச் சொல்லுங்க. அப்புறம் நடந்திருக்கணும்."

இருவரும் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள்.

"சரிவு," என்றாள் டீச்சர்.

"என்ன சரிவு?"

"அந்தம்மா தேறி வீட்டுக்கு வந்த சந்தோஷத்துல அவரே சாவியைக் குடுத்தார். பொண்ணு வர்றதுக்கு வாசல்ல ஒரு சரிவு போட்டுக்குங்க, குடிவர்ற அன்னைக்கே அவ உள்ள வந்துரலாம்னு சொன்னார். கொத்தனாரை வச்சு, வாசல் படியை மூடி சிமென்ட்டுல சரிவு போட்டோம். காயறதுக்குள்ள பொண்ணு ஒரு தடவை ஏறிப் பார்க்கறேன்னு நாற்காலியை விட்டுட்டா. ரெண்டு சக்கரமும் அப்படியே பதிஞ்சிருச்சு. கொத்தனார் பூசி மெழுகறேன்னார். இவர்தான்—"

"பரவாயில்லை, இருக்கட்டும்னு சொன்னேன்," என்றார் அவர்.

வக்கீலம்மா பென்சிலைக் கீழே வைத்தார். டீச்சருக்கு வக்கீலம்மாவைத் தெரிந்த இத்தனை நாளில் அவர் பாதி சீவிய பென்சிலைக் கீழே வைத்து அவள் பார்த்ததில்லை.

"சார், உங்க வாயில வந்த பரவாயில்லைகள்ல அது ஒண்ணுதான் உருப்படியானது. வீடு வேணாம்னு விட்டவங்களுக்கு எதுக்கு அவர் சாவி குடுத்து சரிவு போடச் சொல்றார்? வேணாம்னவங்க எதுக்குக் காசு செலவு பண்ணிப் போடறாங்க? போட்டோ இருக்கா?"

"பொண்ணு சிரிச்சுக்கிட்டு இருக்கற மாதிரி ஒண்ணு இருக்கு. சரிவு பாதிதான் தெரியும்."

அப்போதுதான் டீச்சரின் போன் அடித்தது. அந்தக் கொத்தனாரேதான். பெயரைப் பார்த்ததும் அவள் போனை ஸ்பீக்கரில் போட்டு மேசைமேல் வைத்தாள்.

"அக்கா, மனசு கேக்கலை, அதான் கூப்பிட்டேன். அந்த வாசல் சரிவை நாளைக்கு உடைச்சு எடுக்கச் சொல்றாங்க. நாளைக்குக் காலைல வேற பார்ட்டிக்குப் பதிவாம். முடிஞ்ச கையோட வேலை ஆரம்பிக்கணுமாம். நான் வரலைன்னுட்டேன். ஆனா வேற ஆள் கிடைக்காமயா போயிடும்?"

கொத்தனார் போனை வைத்துவிட்டார். இத்தனை நாள் இழுத்தடித்தவர்கள் நாளைக்கே முடிக்கப் போகிறார்கள்.

"சரி, இப்போ கவனமாக் கேளுங்க," என்றார் வக்கீலம்மா. "இன்னைக்கே நோட்டீஸ் போயிடும். நாளைக்குக் காலைல கோர்ட் திறந்ததும் தடை உத்தரவு கேட்கறேன். ஆனா நான் அங்க நிக்கற நேரத்துல இவங்க இங்க பதிவை முடிச்சுட்டா? அதனால இன்னொரு வேலை இருக்கு, அதை நீங்கதான் செய்யணும். உங்களுக்கு அக்ரிமென்ட் இருக்குங்கறது தெரியாம ஒருத்தர் முழுப் பணம் குடுத்து வாங்கிட்டார்னா, அவரைச் சட்டம் பாதுகாக்கும். வீடு போச்சு, பணம்தான் திரும்ப வரும். தெரிஞ்சே வாங்கினார்னா அவரும் உங்க அக்ரிமென்ட்டுக்குக் கட்டுப்பட்டவர்தான். அந்தப் புது ஆள்கிட்ட இன்னைக்கே சொல்லணும்."

"அவர் யாருன்னே தெரியாதுங்களே. டேப்தான் தெரியும்."

"பதிவுக்கு முந்தின நாள் வீட்டை ஒரு தடவை பார்க்காம இருப்பாரா? சாயங்காலம் போங்க. கேட்டுக்கு உள்ள காலை வைக்காதீங்க. ஒரு செங்கல்லைத் தொடாதீங்க. வெளியில நின்னு போட்டோ எடுங்க. சொல்றதை நாலு பேர் காதுல விழற மாதிரி சொல்லுங்க, உங்க வீட்டு ஆளுங்க மட்டும் சாட்சின்னா எடுபடாது. அப்புறம், சொல்ல வேண்டியது சார்தான்."

"நானா?" என்றார் அவர்.

"நீங்கதானே வேணாம்னு சொன்னது. நீங்கதான் வேணும்னு சொல்லணும். ஒரே வாக்கியம். இந்த வீட்டுக்கு எங்களுக்கு அக்ரிமென்ட் இருக்கு, வீடு எங்களுக்கு வேணும், நாளைக்கே பணம் கட்டிப் பதிவு பண்ணத் தயார். எங்க, சொல்லுங்க பார்ப்போம்."

அவர் தொண்டையைச் செருமினார். "இந்த வீட்டுக்கு எங்களுக்கு... ஒரு அக்ரிமென்ட் மாதிரி..."

"மாதிரி இல்ல சார். அக்ரிமென்ட்டேதான்."

* * *

பள்ளிக்கூட வாசலுக்கு முன்னால் காரை நிறுத்தி, மணி அடிக்கும்வரை டீச்சர் அவருக்குப் பாடம் நடத்தினாள். கிளட்சை விடத் தெரியாமல் வண்டியை அணைத்து அணைத்து எடுப்பவர்களை அவள் நிறையப் பார்த்திருக்கிறாள். இவர் அதே ரகம். ஒவ்வொரு முறையும் வீடு எங்களுக்கு என்பதுவரை வருவார், வேணும் என்கிற இடத்தில் வண்டி ஆஃப்.

"கடைக்கு வர்றவங்ககிட்ட நாள் முழுக்க இது தெரியுதா, அது தெரியுதான்னு கேக்கறீங்க. உங்களுக்கு எது வேணும்னு ஒரு தடவை சொல்லக் கூடாதா?"

"வீட்டுக்காரர் முகத்தைப் பார்த்தா எனக்கு வராதும்மா. நான் செஞ்ச கண்ணாடியைத்தான் போட்டிருப்பார்."

"அப்போ பார்க்காம சொல்லுங்க."

"பாவம், அவருக்கும் ஏதாவது கஷ்டம் இருக்கும்."

டீச்சர் என்ஜினை அணைத்தாள். இதைச் சொல்லலாமா வேண்டாமா என்று காலையிலிருந்து யோசித்து வைத்திருந்ததை இப்போது சொன்னாள்.

"அன்னைக்கு நீங்க போன்ல பேசினதை ஹாரன் கேட்டுட்டா. வீடு கிடைக்கலைன்னாலும் பரவாயில்லைன்னா, நான் மாடியிலயே கிடந்தாலும் பரவாயில்லைன்னுதானே அர்த்தம்னு கேக்கறா. கோபமெல்லாம் இல்லையாம். தெரிஞ்சுக்கத்தான் கேக்கறாளாம்."

மணி அடித்தது. பிள்ளைகள் ஓடி வந்தார்கள். அவர் இறங்கிப் போய் மகளின் நாற்காலியைத் தள்ளிக்கொண்டு வந்தார். அவளைத் தூக்கி சீட்டில் வைத்தபோது வழக்கமான ரேடியேட்டர் ஜோக் எதையும் சொல்லவில்லை. அதற்குப் பிறகு வழியில் ஒத்திகையும் பார்க்கவில்லை.

தெருமுனை திரும்பியதுமே தெரிந்தது. கேட் திறந்திருந்தது. வெளியே ஒரு பெரிய கார். வாசலில் வீட்டுக்காரர் சாவிக்கொத்தோடு நின்றார். அவருக்கு எதிரில், சரிவின் நட்டநடுவில், அன்று பார்த்த அதே ஆள். இடுப்பில் டேப் தொங்கியது.

டீச்சர் காரை எதிர்ப்பக்கம், வீட்டுக்காரர் குடியிருக்கிற வீட்டுக்குப் பக்கத்தில் நிறுத்தினாள். மேலே டிரைவிங் ஸ்கூல் போர்டு இருக்கிற காரை யாரும் பெரிதாகக் கவனிப்பதில்லை. ஜன்னலை இறக்கிவிட்டு, சரிவை இரண்டு போட்டோ எடுத்தாள்.

"போங்க," என்றாள்.

அவர் போனார். கேட்டுக்கு ஒரு அடி தள்ளி, வக்கீலம்மா சொன்ன மாதிரியே வெளியில் நின்றார். வீட்டுக்காரர் நிமிர்ந்து பார்த்தார். பார்த்தவர் கண்ணை எடுக்கவில்லை. டீச்சர் இருந்த இடத்திலிருந்தே அந்தப் பார்வை புரிந்தது. சார், நீங்க நல்லவர், இப்போ எதுவும் பேசிடாதீங்க என்று கெஞ்சியது அது. அவள் கணவர் இதுவரை யாருடைய கெஞ்சலுக்கும் முடியாது என்று சொன்னதில்லை.

டேப்புக்காரர் இது எதையும் கவனிக்கவில்லை. காலால் சரிவைத் தட்டினார்.

"இது எதுக்குங்க வாசல்ல இவ்வளவு இடத்தை அடைச்சுக்கிட்டு?"

வீட்டுக்காரர் எச்சிலை விழுங்கினார். "அதுவா. பைக் ஏத்தறதுக்குப் போட்டது."

காருக்குள் அது தெளிவாகக் கேட்டது. ஹாரனுக்கும் கேட்டது. அவள் மடியிலிருந்த பையின் வாரை விரலில் சுற்றிக்கொண்டாள். டீச்சர் கதவைத் திறந்து இறங்கப் போனாள்.

"அது பைக்குக்கு இல்லைங்க."

அவர்தான். குரல் சின்னதாகத்தான் இருந்தது, ஆனால் நின்றுவிடவில்லை.

"யாருங்க நீங்க?" என்றார் டேப்புக்காரர்.

"நீங்க நிக்கற இடத்துல குனிஞ்சு பாருங்க. பக்கத்து பக்கத்துல ரெண்டு தடம் இருக்கும். பைக் ஏறினா அப்படி விழாது. அது என் பொண்ணோட நாற்காலி. அவளுக்காகத்தான் அதைப் போட்டோம். இவர்தான் சாவி குடுத்துப் போடச் சொன்னார்."

டேப்புக்காரர் குனிந்து பார்த்தார். பார்த்துவிட்டு ஒரு பக்கமாக நகர்ந்து நின்றார், ஏதோ மிதிக்கக் கூடாததை மிதித்துவிட்ட மாதிரி.

"இந்த வீட்டுக்கு எங்களுக்கு அக்ரிமென்ட் இருக்கு," என்றார் அவர். கை கேட்டைப் பிடித்திருந்தது, கேட் கடகடவென்று ஆடியது. "வீடு எங்களுக்கு வேணும். நாளைக்கே பணம் கட்டிப் பதிவு பண்ணத் தயார்."

டீச்சர் திறந்த கார்க் கதவை மெல்லச் சாத்தினாள்.

வீட்டுக்காரர் கண்ணாடியைக் கழற்றி, சட்டை நுனியில் துடைக்க ஆரம்பித்தார். "ஏன் சார், இதை அன்னைக்கே இப்படிச் சொல்லியிருந்தா நான் எதுக்கு இன்னொருத்தர்கிட்டப் போகப்போறேன்? நீங்கதானே கிடைக்கலைன்னாலும் பரவாயில்லைன்னீங்க?"

"அன்னைக்கு உங்க வீட்டுல ஒரு உயிர் ஊசலாடிக்கிட்டு இருந்துச்சுங்க. அன்னைக்கு வேற என்ன சொல்லச் சொல்றீங்க? அப்புறம் சாவி குடுத்தது நீங்க. அப்போ உங்களுக்குத் தெரியும்ல, எங்களுக்கு வேணும்னு?"

வீட்டுக்காரர் கண்ணாடியைத் துடைத்துக்கொண்டே இருந்தார்.

டேப்புக்காரர் ஒரு நிமிஷம் இருவரையும் மாறி மாறிப் பார்த்தார். அப்புறம் முகத்தில் ஒரு கணக்கு ஓடி முடிந்தது. டேப்பை இடுப்பில் நன்றாகச் செருகிக்கொண்டார்.

"இதோ பாருங்க, நீங்க ரெண்டு பேரும் என்ன பேசிக்கிட்டீங்களோ எனக்குத் தெரியாது. எனக்கு ஒண்ணும் காதுல விழலை. யாரும் எங்கிட்ட எதுவும் சொல்லலை. நாளைக்குக் காலைல பதிவு ஆபீஸ்ல பார்ப்போம்." வீட்டுக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொண்டார்.

டீச்சருக்குச் சட்டென்று புரிந்துவிட்டது. வக்கீலம்மா சொன்ன பாடத்தை இந்த ஆளுக்கும் யாரோ ஏற்கெனவே சொல்லிக் கொடுத்திருக்கிறார்கள். தெரியாமல் வாங்கினால் தப்பிக்கலாம். இவர் தெரியாதவராகவே இருக்கப் போகிறார். தெருவில் ஈ காக்கை இல்லை. கேட்டது யார் என்று கோர்ட்டில் கேட்டால், பொண்டாட்டியையும் பொண்ணையும்தான் காட்ட வேண்டும்.

கணவர் காருக்குத் திரும்பி வந்தார். பின் ஜன்னலில் கையை ஊன்றிக் குனிந்து மகளைப் பார்த்தார்.

"நான் சரியாச் சொன்னேனாம்மா?"

ஹாரனுக்குக் கண் கலங்கியிருந்தது, ஆனால் வாய் பழைய நிலைமைக்குத் திரும்பிவிட்டது.

"சரியாத்தான் சொன்னீங்க. ஆனா அந்த ஆளுக்குக் காதுல விழலையாமே. இன்னொரு தடவை சொல்லுங்க."

"இன்னொரு தடவையா? கதவைச் சாத்திட்டாரேம்மா."

"அம்மா, கொஞ்சம் தள்ளிக்கோ."

அவள் இரண்டு சீட்டுக்கும் நடுவே எம்பி, கையை நீட்டி, ஸ்டியரிங்கின் நடுவில் உள்ளங்கையை வைத்து அழுத்தினாள். கற்றுக்கொள்கிறவர்களுக்காக வாங்கிய கார், ஹாரன் மட்டும் லாரி மாதிரி. அவள் கையை எடுக்கவேயில்லை. டீச்சர் தடுக்கவும் இல்லை.

முதலில் கோடி வீட்டு மாடியிலிருந்து ஒருவர் எட்டிப் பார்த்தார். அப்புறம் பக்கத்து வீட்டுக் கதவு திறந்தது. துணி உலர்த்திக்கொண்டிருந்த ஒரு அம்மாள் கிளிப்பை வாயில் கவ்வியபடி சுவரோரம் வந்து நின்றாள். டேப்புக்காரரும் கதவைத் திறந்துகொண்டு, "என்னங்க இது அக்கிரமம்?" என்று வெளியே வந்தார்.

ஹாரன் கையை எடுத்தாள். தெரு கப்சிப்பென்று ஆயிற்று.

அவர் தெருவின் நடுவில் நின்றுகொண்டு, யார் முகத்தையும் பார்க்காமல் அந்த இரண்டு தடத்தை மட்டும் பார்த்துக்கொண்டு, முழு வாக்கியத்தையும் மறுபடி சொன்னார். இந்த முறை வேணும் என்கிற இடத்தில் குரல் உடைந்தது. உடைந்தும் சத்தமாகவே வந்தது. டீச்சரின் கால் அசையவில்லை.

அப்போதுதான் காருக்குப் பக்கத்து வீட்டில், தலைக்கு மேலே, ஒரு ஜன்னல் திறக்கும் சத்தம் கேட்டது. ஆஸ்பத்திரியிலிருந்து வந்த பிறகு தெருவில் யார் கண்ணிலும் படாத வீட்டுக்காரரின் மனைவி, பாதி இளைத்துப்போய், ஜன்னல் கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றார். நாளைக்குப் பதிவு ஆபீஸில் இரண்டாவது கையெழுத்துப் போட வேண்டியவர் அவர்தான்.

"ஏங்க," என்று கணவரைக் கூப்பிட்டார். குரலில் தெம்பில்லை, ஆனால் தெரு முழுக்கக் கேட்டது. "அவங்க வாங்கலை, வேணாம்னு சொல்லி முன்பணத்தையும் திருப்பி வாங்கிட்டுப் போயிட்டாங்கன்னுதானே என்கிட்ட சொன்னீங்க?"

வீட்டுக்காரர் நிமிர்ந்து பார்க்கவில்லை. எப்போதோ பளபளப்பாகிவிட்ட கண்ணாடியை இன்னும் துடைத்துக்கொண்டிருந்தார்.